பன்னிரண்டு பத்துக்கு வரும் கரியர்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அடுக்குக் கரியரில் வீட்டுக்கு வரும் இந்தச் சாப்பாட்டுச் சேவைக்குப் பெயர்ப்பலகை கிடையாது, முகநூல் பக்கமும் கிடையாது. பெயர் இருந்தாலும் எழுத மாட்டேன். எழுத வேண்டாம் என்று அடுப்படியில் நிற்கும் அக்காவே கேட்டுக்கொண்டார். "முப்பத்தாறு கரியருக்கு மேலை என்னாலை ஏலாது ஐயா. நீங்கள் எழுதிச் சனம் கூடினால் சொதி தண்ணியாய்ப் போகும்" என்றார். சொதி இப்போதே கொஞ்சம் தண்ணிதான். அதைப் பிறகு சொல்கிறேன்.

யாழ்ப்பாணத்துக் கொக்குவிலில் ஆடியபாதம் வீதியிலிருந்து பிரியும் ஒழுங்கைகளிலும், திருநெல்வேலிப் பக்கம் கொஞ்சத் தூரமும்தான் இவர்கள் வருவார்கள். இரண்டு சகோதரிகள். மூத்தவர் சமைக்கிறார், இளையவர் ஸ்கூட்டியில் கொண்டுவந்து தருகிறார். மதியச் சாப்பாடு மட்டும். மரக்கறி 350 ரூபா, மீன் என்றால் 450. முதல் நாள் இரவு எட்டு மணிக்கு முன் போன் எடுத்துச் சொல்ல வேண்டும். செயலி, இணையத்தளம் எதுவும் இல்லை. ஒரு எண்பது பக்கக் கொப்பியில் கோடு போட்டு, வீடு வீடாக எழுதி வைத்திருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை இல்லை. மரக்கறி மட்டும் எடுத்தால் மாதம் 26 நாளுக்கு 9,100 ரூபா வரும். நான் வாரத்தில் மூன்று நாள் மீன் எடுப்பதால் இன்னும் கொஞ்சம் கூட.

பதினாலு மாதமாக எடுக்கிறேன். ஆகவே ஒரு நாள் சாப்பிட்டுவிட்டு எழுதுகிற விமர்சனம் இல்லை இது.

என்னைப் பற்றிக் கொஞ்சம் சொன்னால்தான் மிச்சம் விளங்கும். வயது எழுபத்தொன்று. தபால் திணைக்களத்தில் முப்பத்தொன்பது வருடம் இருந்து, தபாலதிபராக 2014 இல் ஓய்வுபெற்றேன். மனைவி போய் மூன்று வருடம். மகள் ரொறன்ரோவில், மகன் சிட்னியில். மகள் காலை ஏழு மணிக்கு வாட்ஸ்அப்பில் வருவாள். அங்கே கோடை காலம் என்றால் அவளுக்கு இரவு ஒன்பதரை, படுக்கைக்குப் போகும் நேரம். "சாப்பிட்டீங்களோ அப்பா?" என்பாள். காலை ஏழு மணிக்கு எந்தச் சாப்பாட்டைக் கேட்கிறாள் என்று நானும் கேட்பதில்லை. "ஓம்" என்றுவிடுவேன். மகன் வீட்டைச் சுற்றி நான்கு கமரா பூட்டியிருக்கிறான். படலை, விறாந்தை, கிணற்றடி, குசினிக் கதவு. நான் கிணற்றடியில் முகம் கழுவுவதை அவன் அங்கிருந்து பார்க்கலாம். பார்க்கிறானா என்று எனக்குத் தெரியாது. சில நாள் கமராவைப் பார்த்துக் கை காட்டியிருக்கிறேன். பதில் வந்ததில்லை.

எங்கள் ஒழுங்கையில் பதினாலு வீடு. ஐந்து பூட்டிக் கிடக்கிறது. ஆட்கள் கனடா, லண்டன், சுவிஸ். மூன்றில் என்னைப் போல் ஒற்றை ஆள். ஒன்றைப் பல்கலைக்கழகப் பெடியளுக்கு வாடகைக்கு விட்டிருக்கிறார்கள். பின்னேரம் ஆறு மணிக்கு வெளியே வந்து நின்றால் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்கும், ஓட்டோ போகும், யாழ்ப்பாணம் இப்போது எந்நேரமும் போக்குவரத்துத்தான். ஆனால் முகம் பார்த்து நின்று கதைக்க ஆள் இல்லை. எல்லோரும் எங்கேயோ போகிற வழியில் இருக்கிறார்கள்.

மனைவி போன பிறகு முதல் வருடம் நானே சமைத்தேன். ரைஸ் குக்கர் இருந்தால் சோறு பிரச்சினையில்லை என்று நினைத்தேன். சோறு பிரச்சினையில்லைதான். சொதிதான் ஆளைக் கொன்றது. ஒரு ஆளுக்குச் சொதி வைக்க முடியாது, முயன்று பார்த்தவர்களுக்குத் தெரியும். பாதித் தேங்காய் துருவினால் பால் இரண்டு நாளுக்கு வரும். பாதியின் பாதி துருவினால் மிச்சத் தேங்காய் குளிர்சாதனப் பெட்டியில் காய்ந்து நாறும். கத்தரிக்காய் கால் கிலோ வாங்கினால் மூன்று நாளும் கத்தரிக்காய். திருநெல்வேலிச் சந்தையில் நாலு பயித்தங்காய் மட்டும் தா என்று கேட்டால், அந்தப் பெண் கட்டைப் பிரிக்க மனமில்லாமல், "சும்மா கொண்டு போங்கோ ஐயா" என்று கையில் திணிப்பாள். அதற்குப் பிறகு அந்தக் கடைப் பக்கம் போகவே வெட்கமாக இருந்தது.

பிறகு போனில் சாப்பாடு எடுக்கும் செயலி ஒன்றை மகள் அங்கிருந்தே என் போனில் ஏற்றிவிட்டாள், காசும் அவளே கட்டினாள். நிறுவனத்தின் பெயர் வேண்டாம். சாப்பாட்டைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பொடியன் வருவான், பொதியைப் படலையில் கொழுவுவான், போய்விடுவான். போனில் "ஒப்படைக்கப்பட்டது" என்று வரும், படம் வேறு எடுத்து அனுப்புவான். யாருக்கு ஒப்படைத்தாய்? படலைக்கு. ஒரு நாள் நான் செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு போவதற்குள் இரண்டு காகம் பொதியைக் கிழித்து மீன் துண்டை வெளியே எடுத்துவிட்டன. முறைப்பாடு செய்யப் போனால் இயந்திரம் பதில் எழுதியது. மூன்று தரம் எழுதியும் அது காகத்தை ஏற்றுக்கொள்ளவில்லை. தபாற்கந்தோரில் இருந்தவனுக்கு இது பொறுக்காது. எங்களிடம் சாதாரணத் தபால் என்றால் பெட்டிக்குள் போடலாம். பதிவுத் தபால் என்றால் ஆளின் கையில் கொடுத்துக் கையெழுத்து வாங்க வேண்டும். ஆள் இல்லையென்றால் துண்டு வைத்துவிட்டுத் திரும்பக் கொண்டுவர வேண்டும்.

இந்தச் சகோதரிகளின் சாப்பாடு பதிவுத் தபால்.

கரியரில்தான் விஷயம் இருக்கிறது. ஒவ்வொரு வீட்டுக்கும் மூன்று அடுக்கு எவர்சில்வர்க் கரியர் இரண்டு. மூடியில் நெயில் பொலிஷால் இலக்கம் எழுதியிருக்கும். என்னுடையது 19. இன்றைக்குச் சாப்பாட்டோடு ஒன்று வரும், நேற்றையதைக் கழுவித் திருப்பிக் கொடுக்க வேண்டும். ஆகவே படலையில் கொழுவிவிட்டுப் போக வழியில்லை. வெறும் கரியர் வீட்டுக்குள் என்னிடம் இருக்கிறது, அதை வாங்காமல் போனால் நாளைக்குச் சாப்பாடு போட ஏனம் இல்லை. பன்னிரண்டு பத்துக்கு, ஐந்து நிமிடம் முன்பின்னாக, ஸ்கூட்டி நிற்கும். "ஐயா!" என்று ஒரு குரல். நான் வரும்வரை நிற்பார். மழையென்றாலும் நிற்பார். பிளாஸ்ரிக் பொதிக்கு மாறினால் வேலை சுகம் என்று ஒரு தரம் நானே சொன்னேன், அவர் கழுவும் கரியரின் எண்ணிக்கையை நினைத்து. "அப்ப நான் ஏன் உங்களைக் கூப்பிட வேணும்?" என்று கேட்டார். யோசித்துச் சொன்ன மாதிரித் தெரியவில்லை. ஹெல்மெற்றைச் சரி செய்துகொண்டு சொன்னார்.

சரி, சாப்பாடு. புழுங்கலரிசிச் சோறு, பதம் எப்போதும் சரியாக இருக்கும், இதில் குறையே இல்லை. நடு அடுக்கில் ஒரு குழம்போ பால்கறியோ, ஒரு வறையோ பொரியலோ. கடைசி அடுக்கில் சொதி. முருங்கையிலை வறை யார் வைத்தாலும் கொஞ்சம் கசக்கும், இவர் தேங்காய்ப்பூவைத் தாராளமாகப் போட்டு அதை அடக்கிவிடுகிறார். வாழைக்காய்ப் பொரியல் மொறுமொறுப்பாக வருகிறது. கரியருக்குள் ஆவியில் நனையாமல் எப்படி என்று கேட்டேன். தனியாக ஒரு பேப்பரில் சுற்றி மூடிக்கு மேலே வைத்துக் கட்டுகிறார்களாம். கவனித்திருக்கிறேன், சுற்றிய பேப்பர் சில நாள் அன்றைய உதயன். சாப்பிட்டு முடித்து எண்ணெய்ப் பேப்பரை விரித்து மரண அறிவித்தல் வாசிப்பது எனக்கு ஒரு பழக்கமாகிவிட்டது. மீன் குழம்பு நல்லது, சனிக்கிழமை திருக்கை வந்தால் மிக நல்லது. சுறா வறை மாதத்தில் ஒரு தரம்தான், அன்று நான் இரவுக்கும் கொஞ்சம் எடுத்து வைப்பேன்.

குறை: உப்பு. முப்பத்தாறு கரியரில் பாதிக்கு மேல் பிரஷர் ஆட்கள் என்று சொல்லி எல்லோருக்கும் உப்பைக் குறைத்துவிட்டார். எனக்குப் பிரஷர் இல்லை. சொன்னேன். "வரும்" என்றார் மூத்தவர், போனில். சொதி, முன்னமே சொன்னபடி, தண்ணி. இரண்டாம் பால் மட்டும் விடுகிறார் போல. தேங்காய் விற்கிற விலையில் குற்றம் சொல்லவும் முடியவில்லை. சம்பல் கேட்டால்தான் வரும். வெள்ளிக்கிழமை மரக்கறி, அது எல்லா இடத்திலும் அப்படித்தான். ஆனால் நல்லூரில் கொடியேறினால் இருபத்தைந்து நாளும் அடுப்பில் மீன் ஏறாது. நானும் நல்லூரானைக் கும்பிடுகிறவன்தான், தேருக்குப் போகாமல் விட்டதில்லை. என்றாலும் பதினெட்டாம் திருவிழா அளவில் பூசணிக்காயைப் பார்த்தாலே நெஞ்சு பதறும்.

இதையெல்லாம் வைத்து ஐந்துக்கு மூன்றரை கொடுக்கலாம். மிச்ச ஒன்றரைக்குக் காரணம் வேறு.

மனைவியின் திவசம் முடிந்து இரண்டு நாள் இருக்கும். சாப்பாடு வந்தது, திறந்து பார்த்தேன், கத்தரிக்காய்ப் பால்கறி. அவளுடைய கறி. இவர்கள் அவளைக் கண்டதும் இல்லை, அவள் வைக்கிற மாதிரியும் இல்லை, அவள் வெந்தயம் கூடப் போடுவாள். ஆனாலும் அன்று மேல் அடுக்கில் நாலு கவளம், அவ்வளவுதான் இறங்கியது. மிச்சத்தை மூடி வைத்து, கொட்ட மனமில்லாமல் இரவும் விட்டு, அடுத்த நாள் கழுவவும் மறந்து, ஸ்கூட்டிச் சத்தம் கேட்டதும் அப்படியே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டேன்.

இளையவர் பிடியைப் பிடித்துக் கரியரை வாங்கினார். வாங்கிய கை நின்றது. மெல்ல ஒரு தரம் மேலே தூக்கி, இறக்கி, இன்னொரு தரம் தூக்கினார். முப்பத்தொன்பது வருடம் நான் பார்த்த கை அசைவு அது. பார்சல் கவுண்டரில் தராசில் வைக்கும் முன் நாங்கள் அப்படித்தான் தூக்கிப் பார்ப்போம். கையே நிறையைச் சொல்லிவிடும்.

"ஐயா, சோறு அப்பிடியே கிடக்கு."

"ஓம் பிள்ளை. பசிக்கேல்லை."

"காய்ச்சலோ? பல்லுக் கில்லு நோகுதோ?"

"இல்லை."

"கறி பிடிக்கேல்லையோ?"

நான் என்ன சொல்வது? "கறி நல்லாத்தான் இருந்தது" என்றேன். அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு ஒன்றும் கேட்கவில்லை. கொப்பியை எடுத்து 19 க்கு நேரே ஏதோ எழுதினார். கண்ணாடி இல்லாமல் எனக்கு வாசிக்க முடியவில்லை. அடுத்த நாள் சாப்பாட்டோடு ஒரு சின்னப் போத்தலில் இரசம் வந்தது. காசு எழுதவில்லை. கத்தரிக்காய்ப் பால்கறி அதற்குப் பிறகு ஆறு வாரம் எனக்கு வரவில்லை, பக்கத்து வீடுகளுக்கு வந்தது என்று கேள்விப்பட்டேன். நான் காரணம் சொல்லவும் இல்லை, அவர்கள் கேட்கவும் இல்லை.

மகளிடம் காலை ஏழு மணிக்கு "ஓம், சாப்பிட்டேன்" என்று சொல்லலாம். கரியரிடம் சொல்ல முடியாது.

இது பெரிய புதுமை என்று நான் சொல்ல வரவில்லை. பிரான்ஸில் தபால் நிறுவனம் 2017 இல் இப்படி ஒரு சேவை தொடங்கியது. தனியாக இருக்கும் தாய் தகப்பனைத் தபால்காரர் கிழமைக்கு இத்தனை தரம் போய்ப் பார்த்து, கதைத்து, எப்படி இருக்கிறார் என்று பிள்ளைக்கு அறிவிப்பார். மாதக் கட்டணம் பிள்ளை கட்ட வேண்டும். இதை வாசித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. எழுபது, எண்பதுகளில் எங்கள் தபால்காரர்கள் இந்த வேலையை விறாந்தை விறாந்தையாகச் சும்மா செய்தார்கள். ஜெர்மனியிலிருந்து வந்த கடிதத்தைக் கிழவிக்குப் பிரித்து வாசித்துக் காட்டி, பதிலும் எழுதிக் கொடுத்து, ஒரு தேத்தண்ணியும் குடித்துவிட்டு, மிச்சத் தபாலோடு பிந்திப் போய் என்னிடம் ஏச்சும் வாங்குவார்கள். நான் ஏசியிருக்கிறேன். இப்போது நினைத்தால் கொஞ்சம் வெட்கம்தான். நெதர்லாந்தில் யும்போ என்ற சூப்பர்மார்க்கெட் 2019 இல் அவசரமில்லாதவர்களுக்கென்று கதைத்துக் கதைத்துக் காசு கட்டும் கவுண்டர் ஒன்றைத் திறந்ததாம். பிரித்தானியா 2018 இலும் ஜப்பான் 2021 இலும் தனிமைக்கென்று அமைச்சரே வைத்தன. அமைச்சருக்கு வாகனம் கொடுத்திருப்பார்கள். எங்களுக்கு ஸ்கூட்டி வந்திருக்கிறது.

2025 ஜூனில் உலக சுகாதார நிறுவனம் வெளியிட்ட அறிக்கையில் உலகத்தில் ஆறு பேரில் ஒருவர் தனிமையால் வாடுவதாக இருந்தது. கிழடுகளின் கணக்கு என்று நினைத்து வாசித்தேன். பார்த்தால் பதின்மூன்றிலிருந்து இருபத்தொன்பது வயதுக்காரரிடம்தான் அது கூடவாம். பணக்கார நாடுகளைவிட வறிய நாடுகளில் கூடவாம். தனிமையை லண்டன்காரர் எங்களுக்கு ஏற்றுமதி செய்தது என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த வயதுக் கணக்கை வாசித்த பிறகுதான் பெடியளின் வீட்டைக் கவனித்தேன். மலைநாட்டுப் பக்கத்துப் பொடியன் ஒருவன் முன்னறையில் இருக்கிறான். காதில் எப்போதும் ஏதோ செருகியிருப்பான், இரவு இரண்டு மணிக்கும் அவனுடைய யன்னலில் போன் வெளிச்சம் தெரியும். இந்தக் கரியரை அவனுக்கும் நான்தான் சொல்லிக் கொடுத்தேன். ஒரு கிழமை எடுத்தான், விட்டுவிட்டான். ஏன் தம்பி என்று கேட்டேன். "சாப்பாடு நல்லம் சேர். ஆனா ஒவ்வொரு நாளும் வெளியில வந்து கதைக்க வேண்டிக் கிடக்கு" என்றான். நித்திரை கொண்டாயா, சோதனை எப்போது, அம்மா போன் எடுத்தவவோ என்று இளையவர் கேட்பது அவனுக்குப் பொலிஸ் விசாரணை மாதிரி இருந்திருக்கிறது. அவன் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. ஆகவே, வாசலில் ஆளைப் பார்க்க விருப்பமில்லாதவர்கள் இந்தச் சேவையை எடுக்க வேண்டாம். கேள்வி கேட்பார்கள். பதில் சொல்லாவிட்டால் கொப்பியில் எழுதுவார்கள்.

இனி என்னுடைய பெரிய முறைப்பாடு. என் குசினிக் கதவை உடைத்தார்கள்.

போன மாசி மாதம் பென்சன் எடுக்கப் பட்டினத்துக்குப் போனேன். சைக்கிள் காற்றுப் போயிருந்தது, பஸ்ஸில் போனேன். போனை மின்னூட்டத்தில் போட்டு மேசையிலேயே விட்டுவிட்டேன். வங்கியில் வேலை சுருக்காக முடிந்தது. வெயிலுக்குப் பொது நூலகத்துக்குள் போய்ப் பத்திரிகைப் பகுதியில் இருந்தேன். விசிறிக் காற்று, நாலு பத்திரிகை, எதிர்க் கதிரையில் என்னைப் போல் இன்னொரு பென்சன்காரர். நேரம் போனது தெரியவில்லை. பன்னிரண்டு பத்தை மறந்தே போனேன்.

இங்கே நடந்ததைப் பிறகு கேட்டறிந்தேன். இளையவர் வந்து கூப்பிட்டிருக்கிறார். பதில் இல்லை. மற்ற வீடுகளுக்குக் கொடுத்துவிட்டுத் திரும்ப வந்திருக்கிறார். பதில் இல்லை. போன் எடுத்தால் வீட்டுக்குள் மணி அடிப்பது வாசலுக்குக் கேட்கிறது. சைக்கிள் விறாந்தையில் நிற்கிறது, யன்னல் திறந்து கிடக்கிறது. அவர் இடத்தில் நான் நின்றிருந்தாலும் வேறு என்ன நினைப்பேன்? ஒழுங்கையைக் கூட்டிவிட்டார்.

ஒன்றேகாலுக்கு நான் ஒழுங்கைக்குள் திரும்புகிறேன், என் வளவுக்குள் எட்டுப் பேர். பெடியள் இரண்டு பேர் மதிலேறி வந்திருக்கிறார்கள், அதில் ஒருவன் அந்தக் காதில் செருகும் பொடியன், முழங்கை உரஞ்சி இரத்தம். எதிர் வீட்டு அக்கா வாயைப் பொத்திக்கொண்டு நிற்கிறா. விறாந்தை முகட்டிலிருந்து என் மகனின் குரல், "ஆர் நீங்கள்? ஆர் நீங்கள்?" என்று சிட்னியிலிருந்து கத்துகிறது. கமராவுக்கு வாயும் இருக்கிறதென்று எனக்கு அன்றுதான் தெரியும். குசினிக் கதவு கொண்டியோடு பிளந்து கிடக்கிறது. அதற்குள்ளிருந்து அலவாங்கும் கையுமாக வெளியே வருகிறார் அடுத்த வீட்டுக்காரர்.

அவரும் நானும் 2018 க்குப் பிறகு கதைத்ததில்லை. எல்லைப் பிரச்சினை. அவர் கட்டிய மதில் ஒன்றரை அடி என் பக்கம் என்பது என் கட்சி. யாழ்ப்பாணத்தானுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. ஆனால் இதையும் சொல்ல வேண்டும். 1995 ஒக்டோபர் 30 இரவு, போர் நெருங்கி வர, வலிகாமம் முழுவதும் எழும்பித் தென்மராட்சிக்கு நடந்தபோது, மழைக்குள், கால் வைக்க இடமில்லாத சனத்துக்குள், என் அம்மாவைத் தன் சைக்கிள் கரியரில் இருத்தி நாவற்குழிப் பாலம் தாண்டும்வரை தள்ளிக்கொண்டு வந்தவர் அவர்தான். நான் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு நடந்தேன். அந்த இரவு முழுக்கத் தோளோடு தோள் முட்டிக்கொண்டு, தனியே நின்று ஒரு மூச்சு விட இடம் கிடைத்தால் போதும் என்று இருந்தது.

என்னைக் கண்டதும் நின்றார். "ஆள் நிக்கிறார்தானே" என்றார், என்னிடம் இல்லை, மாமரத்தைப் பார்த்து. அலவாங்கைத் தோளில் வைத்துக்கொண்டு நடந்தார். அப்போதுதான் கவனித்தேன், அது என்னுடைய அலவாங்கு. வேலிக்குக் கதியால் போடவென்று முன்னொரு காலம் வாங்கிப் போனது, சண்டை வந்ததால் திரும்பி வரவில்லை.

இளையவர் விறாந்தைப் படியில் இருந்தார். என் கரியர் மடியில் இருந்தது. "எங்கையாவது போறதெண்டால் ஒரு சொல்லுச் சொல்லிப்போட்டுப் போறதுக்கு உங்களுக்கு என்ன ஐயா?" என்று உரத்துக் கேட்டார். காசு கொடுத்துச் சாப்பாடு எடுக்கிறவன் நான், என் வீட்டில் வைத்து என்னை ஏசுகிறார். எனக்குக் கோபம் வந்தது. ஐந்து நிமிடம் கழித்து வேறு ஏதோ வந்தது, அது விமர்சனத்துக்குத் தேவையில்லை. எட்டுப் பேருக்கும் தேத்தண்ணி வைத்தேன். சீனி போதவில்லை, எதிர் வீட்டு அக்கா கொண்டுவந்தா. என் வீட்டில் எட்டுக் கோப்பை ஒரேயடியாக வெளியே எடுத்தது மனைவியின் செலவு வீட்டுக்குப் பிறகு அன்றுதான்.

கொண்டியும் பூட்டும் கூலியுமாக 2,800 ரூபா. மூத்தவர் கணக்கில் கழிப்பதாகச் சொன்னார். பாதிக்குப் பாதி என்று முடித்தோம். அதற்குப் பிறகு ஒரு புதுச் சட்டம் வந்திருக்கிறது: வெளியே போகிறவர்கள் வெறும் கரியரைப் படலையில் கொழுவிவிட்டுப் போக வேண்டும். கொழுவியிருந்தால் ஆள் ஊரில் சுற்றுகிறார், கொழுவாமல் பதிலும் இல்லையென்றால் அலவாங்கு.

இன்னும் ஒரு குறை, இதைக் கொஞ்சம் கடுமையாகவே சொல்கிறேன். தைப்பொங்கலுக்கும் தீபாவளிக்கும் வருஷப்பிறப்புக்கும் சேவை இல்லை. அவர்களுக்கும் வீடு வாசல் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் முப்பத்தாறு கரியரில் எத்தனை பேர் அன்றைக்குப் பாண் வாங்கிச் சம்பலோடு சாப்பிடுகிறார்கள் என்று கொப்பியைப் பார்த்தாலே தெரியும். முதல் நாள் இரவே பொங்கலை ஒரு அடுக்கில் தந்தாலும் போதும் என்று சொன்னேன். "பாப்பம்" என்றார்கள். யாழ்ப்பாணத்தில் "பாப்பம்" என்றால் என்னவென்று உங்களுக்குத் தெரியும்.

போன் எண் வேண்டுமென்றால் கொக்குவில் பக்கம் யாரையாவது கேளுங்கள், கரியர் அக்கா என்றால் காட்டுவார்கள். காலை பத்துக்கும் பன்னிரண்டுக்கும் இடையில் எடுக்காதீர்கள், அடுப்பில் நிற்பார். இடம் காலியானால்தான் புது ஆள். இப்போது காத்திருப்பவர் நாலு பேர்.

அந்த நாலில் ஒருவரைப் பற்றிப் போன வியாழக்கிழமை இளையவர் என்னிடம் கேட்டார். கரியரைக் கொடுத்துவிட்டு, ஸ்கூட்டியை ஸ்ராட் செய்யாமல் நின்றார்.

"ஐயா, பக்கத்து வீட்டு ஐயாவும் கேட்டிருக்கிறார். அம்மாவும் மகளோடை லண்டன் போட்டாவாம், பேரப்பிள்ளை பாக்க. ஆறு மாதமாம். 20 ஆம் நம்பர் வெறுமையாய்க் கிடக்கு. உங்களுக்கு ஏதும் பிரச்சினையோ?"

"எனக்கென்ன பிரச்சினை? அவர் வீடு, அவர் சாப்பாடு."

"அவற்றை படலைதான் சந்தியிலை இருந்து வரேக்கை முதல் வரும். முதல் அவருக்குக் குடுத்திட்டு வந்தால் எனக்குச் சுகம். உங்களுக்குப் பன்னிரண்டு பதினைஞ்சாகும்."

அதற்கு மட்டும் நான் ஒத்துக்கொள்ளவில்லை. மதில் விஷயத்தில் ஒன்றரை அடி போனது போனதுதான். பன்னிரண்டு பத்தை விட்டுத் தர முடியாது என்று சொல்லிவிட்டேன். வேண்டுமென்றால் அவர் என் படலைக்கு வந்து வாங்கட்டும். வரும்போது அலவாங்கையும் கொண்டு வரட்டும்.